நெகட்டிவ் இருக்கா, அண்ணாச்சி?

கல்யாணம் முடிந்து எட்டு மாசம் ஆகிறது. வளைகாப்புக்கே நாள் குறித்தாயிற்று. ஆல்பம் மட்டும் இன்னும் வரவில்லை.

உங்கள் வீட்டில் இது நடக்கவில்லை என்றால், பக்கத்து வீட்டில் நடந்திருக்கும். போட்டோகிராபருக்கு போன் அடித்தால் முழு ரிங்கும் போய் நிற்கும். வேறு நம்பரிலிருந்து அடித்தால் இரண்டாவது ரிங்கிலேயே எடுப்பார். குரல் பிடிபட்டதும், ‘‘அண்ணாச்சி, டிசைன்ல இருக்கு. பிரஸ்ஸுக்குப் போயிட்டுன்னா பத்தே நாளு. நானே வள்ளியூருக்குக் கொண்டாந்து தாரேன்’’ என்பார். அந்தப் பத்து நாள் எந்தக் காலண்டரிலும் கிடையாது. அதற்கப்புறம் வாட்ஸ்அப்பில் இரண்டு நீல டிக் விழும். பதில் விழாது.

இதில் ஒரு வேடிக்கை. உங்கள் கைக்கு ஒரு படமும் வராத அந்தக் கல்யாணத்தின் ஒரு நிமிஷ வீடியோ, மூன்றாம் நாளே அவருடைய இன்ஸ்டாகிராம் பக்கத்தில் சினிமாப் பாட்டோடு ஓடிக்கொண்டிருக்கும். ஊரே பார்த்து லைக் போட்டிருக்கும்.

போட்டோகிராபரைத் திட்டுவது சுலபம். திட்டுவோம், பிறகு. அதற்கு முன்னால் அவர் தராமல் வைத்திருக்கும் அந்த ஆல்பம் என்கிற சமாசாரத்தைக் கொஞ்சம் உற்றுப் பார்க்கலாமா? தாமதத்துக்குப் பாதிக் காரணம் அதற்குள்ளேயே இருக்கிறது என்பது என் கட்சி.

ஃபிலிம் காலத்தில் ஒரு ரோலுக்கு 36 படம். ‘அஞ்சு ரோலுக்கு மேல போகக் கூடாதுடே’ என்று வீட்டுப் பெரியவர் முதலிலேயே சொல்லிவிடுவார். ஆக, 180 படத்துக்குள் ஒரு கல்யாணம் அடங்க வேண்டும். யாராவது கண்ணை மூடியிருந்தால், ஆல்பம் இருக்கிற வரைக்கும் கண்ணை மூடியபடியேதான் இருப்பார்கள். பிரிண்ட் போட்டு, அட்டையில் ஒட்டி, நடுவே பட்டர் பேப்பர் வைத்துக் கொடுத்துவிடுவார்கள். அதில் கலை என்று பெரிதாக ஒன்றும் இருக்காது. எல்லோரும் பள்ளிக்கூட அசெம்பிளி மாதிரி விறைப்பாக நிற்பார்கள்.

ஆனால், யார் யார் வந்தார்கள் என்பது தெரியும். கல்யாண ஆல்பம் என்பது அடிப்படையில் ஒரு வருகைப் பதிவேடு. ‘இந்தா, இதுதான் பணகுடி மாமா. இது களக்காட்டுச் சித்தி, அப்போ அவளுக்குக் கல்யாணம் ஆகலை’ என்று விரல் வைத்துச் சொல்வதற்காக இருக்கிற பொருள் அது.

2000-களில் கம்ப்யூட்டர் வந்தது. கூடவே கரிஷ்மா ஆல்பம் வந்தது. நாங்குநேரியைத் தாண்டாத மாப்பிள்ளை சுவிட்சர்லாந்தில் நின்றார். வள்ளியூரில் நின்று மேற்கே பார்த்தால் மலை நீளத்துக்குக் கிடக்கிறது. அதை வெட்டி எடுத்துவிட்டு ஆல்ப்ஸை ஒட்டினார்கள். ஒரே பக்கத்தில் ஏழு மணப்பெண்கள். ரோஜாப் பூவுக்குள் ஒருத்தி, இதயத்துக்குள் ஒருத்தி. பெற்றவர்கள் ஓரத்தில் ஸ்டாம்ப் அளவில். பணகுடி மாமா அவுட்!

இப்போது ரோஜாப் பூ போய்விட்டது. ‘கேண்டிட்’ வந்திருக்கிறது. ‘‘அண்ணா, கேமராவைப் பார்க்காம இயல்பா சிரிங்க. இல்ல… இன்னும் கொஞ்சம் இயல்பா!’’ என்று நாலு தடவை சொல்லி எடுக்கிற படத்துக்குப் பெயர் கேண்டிட். முப்பந்தல் காற்றாடிக்குக் கீழே ஒரு நாள், வட்டக்கோட்டை மதில் மேல் ஒரு நாள் என்று கல்யாணத்துக்கு முன்பே பாதி ஆல்பம் நிரம்பிவிடுகிறது. முகூர்த்த நேரத்தில் மேடையைச் சுற்றி அரண் மாதிரி ஆறு பேர் நிற்கிறார்கள். பந்தியை விட்டு ஓடி வந்து அட்சதை போடுகிறவர்களுக்குத் தெரிவது ஆறு முதுகு. தாலி கட்டுவதை நேரில் வந்தவர்களும் ஸ்க்ரீனில்தான் பார்க்கிறார்கள்.

நல்ல படம் எடுப்பவர்கள் இல்லாமல் இல்லை. இன்றைய கேமராவும் வெளிச்சமும் அன்றைக்குக் கனவிலும் கிடையாது. என் விமரிசனம் படத்தின் மேல் அல்ல, கணக்கின் மேல். இரண்டு நாள் விசேஷத்துக்கு மூவாயிரம், நாலாயிரம் படம் சர்வ சாதாரணம். ‘‘இதுல நூத்தம்பது செலக்ட் பண்ணித் தாங்க’’ என்று பொறுப்பை நம் தலையில் வைத்துவிடுகிறார். பெண் பெங்களூரில், மாப்பிள்ளை துபாயில். அவர்கள் நூற்றைம்பதை உட்கார்ந்து பொறுக்குவதற்குள் ஆவணியில் நடந்த கல்யாணம் தை தாண்டிவிடும். அப்புறம் மாமியார் வந்து, ‘‘எங்க சைடு ஆளுகளையே காங்கல’’ என்பார். திரும்பவும் முதலிலிருந்து.

அவர் பக்கமும் கேளுங்கள். ஆடி, புரட்டாசி, மார்கழி என்று கேமரா சும்மா கிடக்கும். ஆவணியிலும் தையிலும் ஒரே முகூர்த்தத்தில் மூன்று இடத்துக்கு ஆள் அனுப்ப வேண்டும். டிசைன் செய்வது ஒருத்தர், அச்சடிப்பது வேறு ஊர். கல்யாணம் முடிந்தபின் பாக்கிக்காக அவர் போன் அடித்தால் நாம் எடுக்காத வீடுகளும் உண்டு. ‘‘மண்டபத்துக்குக் கொடுத்தாச்சு, சமையலுக்குக் கொடுத்தாச்சு, ஒம்மகிட்ட என்னவே அவசரம்?’’ என்று கேட்டவர்கள், எட்டாவது மாசம் நியாயம் பேச முடியாது.

சரி, அதனால் என்ன, எட்டு மாசம் கழித்து வந்தால் ஆகாதா? சில வீடுகளில் ஆகாது.

கல்யாணத்தில் பட்டுச் சேலை உடுத்தி முன்வரிசையில் உட்கார்ந்திருந்த ஆச்சி, அடுத்த ஐப்பசிக்குள் போய்விடுகிறாள். கண்ணீர் அஞ்சலி போஸ்டருக்குப் படம் வேண்டும். அவள் வாய்விட்டுச் சிரித்த படம் அந்த நாலாயிரத்தில் எங்கேயோ இருக்கிறது. எடுத்தவர் போனை எடுக்கவில்லை. கடைசியில் ஆதார் அட்டையிலிருந்து பெரிதாக்கி வைக்கிறார்கள். ஆதார் படத்தில் யார் சிரித்திருக்கிறார்கள்? பதினாறாம் நாள் விசேஷத்துக்கு வந்தவர்களெல்லாம், ‘‘இது ஆச்சி மாதிரியே இல்லியே’’ என்று சொல்லிவிட்டுப் போகிறார்கள்.

ஆல்பம் தாமதமானால் எரிச்சல். படமே தொலைந்தால் அது வேறு. பழைய ஸ்டுடியோக்காரர்களில் பலர் நெகட்டிவுக்கு நம்பர் போட்டு வைத்திருப்பார்கள். பத்து வருஷம் கழித்துப் போய், ‘நெகட்டிவ் இருக்கா, அண்ணாச்சி?’ என்று கேட்டால், டப்பாவைத் துழாவி எடுத்துத் தருவார்கள். இன்றைக்கு நெகட்டிவ் என்பது ஒரு ஹார்ட் டிஸ்க். அது கீழே விழலாம், மண்டையைப் போடலாம். மெமரி கார்டை அழித்துவிட்டு அடுத்த கல்யாணத்துக்குப் போய்விடுவார்கள். அவர் மௌனமாக இருக்கிற ஒவ்வொரு மாசமும், ஆச்சியின் சிரிப்பு ஒரே ஒரு டிஸ்க்கை நம்பி இருக்கிறது.

அந்தப் படம் யாருடையது? இங்கேதான் நம் சட்டம் நம் பக்கம் நிற்கிறது. 1957-ம் வருஷத்துப் பதிப்புரிமைச் சட்டத்தின் 17-ம் பிரிவுப்படி, காசு கொடுத்து எடுக்கச் சொன்ன புகைப்படத்துக்கு முதல் உரிமையாளர், எடுக்கச் சொன்னவர்தான். வேறு மாதிரி ஒப்பந்தம் போட்டிருந்தால் தவிர. இங்கிலாந்தில் பொதுவாக எடுத்தவருக்கு உரிமை, இங்கே உங்களுக்கு. ஆகவே, பில்லின் பின்பக்கத்தில் பொடி எழுத்தில் என்ன இருக்கிறது என்று கையெழுத்துக்கு முன்னால் படியுங்கள்.

1971-ல் ஸ்காட்லாந்தில் ஒரு வழக்கு. டீசன் எதிர் சாம்சன். கல்யாணத்துக்குப் பேசிவைத்த போட்டோகிராபர் வரவே இல்லை. மணப்பெண் கோர்ட்டுக்குப் போனாள். மனவேதனைக்கு 30 பவுண்டு கொடுக்கச் சொன்னார்கள். மனவேதனையையும் சட்டம் ஒப்புக்கொண்டதே என்று சந்தோஷப்படலாம். ஆனால், 30 பவுண்டை ஃபிரேம் போட்டுச் சுவரில் மாட்ட முடியாது.

நம் ஊரிலும் வழி இருக்கிறது. 2019-ம் வருஷத்து நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2020 ஜூலையிலிருந்து அமலில் இருக்கிறது. சொன்ன வேலையைச் செய்யாதது சேவைக் குறைபாடு. கொடுத்த தொகை 5 லட்சத்துக்குள் என்றால் மாவட்ட ஆணையத்தில் மனுவுக்குக் கட்டணம் கிடையாது. வக்கீல் கட்டாயமில்லை. போட்டோகிராபர் நாகர்கோவில்காரராக இருந்தாலும், வள்ளியூர்க்காரர் திருநெல்வேலியிலேயே மனுப் போடலாம். இரண்டு வருஷத்துக்குள் போட வேண்டும், அவ்வளவுதான். அதற்கு முன்னால் 1915 என்ற நுகர்வோர் உதவி எண்ணுக்குப் பேசிப் பாருங்கள். அதற்கும் முன்னால், தேதி போட்டு ஒரு கடிதம் எழுதி, ஸ்பீட் போஸ்ட்டில் பதிவு செய்து அனுப்புங்கள். போனை எடுக்காதவரும் தபால்காரரிடம் கையெழுத்துப் போட்டுத்தான் ஆக வேண்டும். வாங்க மாட்டேன் என்றால், அதுவும் கவர் மேல் எழுதித் திரும்பி வரும். பத்திரமாக வையுங்கள்.

ஆனால், கடிதத்தில் என்ன கேட்பது? எல்லோரும் ‘ஆல்பம் எங்கே?’ என்று கேட்கிறார்கள். தப்பான கேள்வி. ஆல்பம் என்றால் டிசைன், பிரஸ், அட்டை, பெட்டி என்று அவருக்கு ஆயிரம் சாக்கு உண்டு. ‘எடுத்த படம் அத்தனையையும் அப்படியே தாரும்’ என்று கேளுங்கள். படம் ஒன்றுக்கு 10 எம்.பி. என்றாலும், நாலாயிரம் படம் 40 ஜி.பி.தான். 64 ஜி.பி. பென் டிரைவில் அடங்கிவிடும். காப்பி பண்ண ஒரு மத்தியானம் போதும். அதற்கு டிசைனரும் வேண்டாம், பிரஸ்ஸும் வேண்டாம்.

இனிமேல் பேசி முடிக்கப்போகிறவர்களுக்கு ஒன்று. டிரோன் உண்டா, எல்.இ.டி. உண்டா என்று கேட்கும் முன்பு, ‘மறுவீடு முடியுமுன்னே எல்லாப் படத்தையும் கொடுத்திருவீரா?’ என்று கேளுங்கள். அதை ஒரு தாளில் எழுதி வாங்குங்கள். படம் வந்த அன்றைக்கே அதற்கான காசைக் கொடுத்துவிடுங்கள். ஆல்பத்துக்கு உள்ள பாக்கியை மட்டும் கையில் வைத்திருங்கள்.

ஆல்பம் மெதுவாக வரட்டும். ஆச்சி முதலில் வீட்டுக்கு வரட்டும்.