திருடக் கற்ற ஆசிரியை

எல்ஸா மொராந்தேயின் ‘லா ஸ்டோரியா’ நாவல் 1974இல் வெளிவந்தபோது இத்தாலிய இடதுசாரிகளில் பலர் சீறினார்கள். போராட்டத்தைக் காட்டாமல் விதியையும் கண்ணீரையும் விற்கிறார் என்றார்கள். அவருடைய நண்பரான எழுத்தாளர் பசோலினியே கடுமையாக எழுதினார். அந்தக் குற்றச்சாட்டில் பாதிதான் நிற்கும்.

நாயகி இடா, ரோமில் தொடக்கப்பள்ளி ஆசிரியை, விதவை. தாய் யூதர். ஞானஸ்நானம் பெற்றவள் என்பதால் யூதர்களுக்கு எதிரான 1938 இனச் சட்டம் அவளைத் தொடாது, ஆனாலும் நடுங்குகிறாள். முசோலினி ஆட்சியின் சூட்சுமம் இந்த நடுக்கத்தில் பிடிபடுகிறது. எல்லோரையும் சிறையில் தள்ள வேண்டியதில்லை, தன் பிறப்புச் சான்றிதழை நினைத்தே ஒருத்தி தூக்கம் இழந்தால் போதும். ஜெர்மன் சிப்பாய் ஒருவனின் வன்முறையால் இளைய மகன் உசெப்பே பிறக்கிறான். 1943 ஜூலை 19 குண்டுவீச்சில் வீடு தரைமட்டமாகிறது. பிறகு நகர விளிம்பிலுள்ள பியெத்ரலாத்தாவில் ஒரே கூடத்தில் பல குடும்பங்கள். திரை கட்டிய ஒரு மூலைதான் இவர்களுக்கு வீடு.

நாவல் நிமிர்ந்து நிற்பது 1944ஆம் ஆண்டைச் சொல்லும் பகுதியில். ரொட்டி ரேஷன் நாளுக்கு 100 கிராமாகச் சுருங்கிய நகரத்தில், பிள்ளைகளுக்கு ஒழுக்கம் போதித்த இடா முட்டை திருடுகிறாள். மாவு லாரியைச் சூறையாடும் பெண்களோடு சேர்கிறாள். இதற்கு ஆசிரியர் வீரப்பட்டமும் தரவில்லை, மன்னிப்பும் கேட்கவில்லை. இதைப் படித்த பிறகும் இடாவைச் செயலற்றவள் என்பது பொருந்தாது. மூத்த மகன் நினோவும் அப்படித்தான்: பாசிசக் கருஞ்சட்டை, கெரில்லா, கள்ளச்சந்தை என மாறிக்கொண்டே போகிறான், கொள்கையால் அல்ல, உயிர்த் துடிப்பால். கட்சிக்காரர்களுக்கு இது உறுத்தியதில் வியப்பில்லை.

போர் முடிந்தும் குடும்பம் மீளவில்லை. 1946இல் நினோவும் 1947இல் உசெப்பேயும் இறக்கிறார்கள். விடுதலை எல்லாவற்றையும் சரிசெய்துவிடவில்லை என்று சொல்லும் துணிச்சலை மெச்சுகிறேன். ஆனால் உசெப்பேயைக் கொல்வது வலிப்பு. இடாவும் சிறுவயதில் அதை அனுபவித்தவள், பெற்றோர் மறைத்துவைத்தார்கள். சாவு இரத்தத்தில் எழுதப்பட்டது என்று ஆகிவிட்டால் சர்வாதிகாரத்தின் மீதான குற்றப்பத்திரிகை தளர்ந்துவிடுகிறது. போதாக்குறைக்குப் பறவைகளின் பேச்சுப் புரியும் தேவதைக் குழந்தையாக அவனை மெருகேற்றியிருக்கிறார். தாவீதே என்ற பாத்திரத்தின் நீண்ட சாராயக்கடைச் சொற்பொழிவோ வாசகரின் பொறுமையைச் சோதிக்கிறது.

விதிவாதம் என்ற பழி கடைசிப் பகுதிக்குப் பொருந்தும். பசி ஆளும் நடுப்பகுதிக்குப் பொருந்தாது. அந்த நடுப்பகுதிக்காகவே இது பெரிய நாவல்.