‘பாலா’: ஏடும் உரையும்

கல்கத்தாத் தமிழர் தவறவிடக் கூடாத படம் ஒன்று உண்டு. நடனமேதை தஞ்சாவூர் பாலசரஸ்வதி அம்மையாரைப் பற்றி சத்யஜித் ராய் 1976இல் எடுத்த ‘பாலா’ என்னும் ஆவணப்படம்தான் அது. ஓட்டம் அரை மணிக்குச் சற்று அதிகம். ராய் 1935 வாக்கில், பதினான்கு வயதுப் பையனாக, இதே ஊரில் பாலாவின் ஆட்டத்தைப் பார்த்தவர். நாற்பது வருஷம் மனசில் வைத்திருந்ததைத்தான் பிறகு காமிராவில் தேடினார். அதற்குள் அம்மையாருக்கு வயது 58.

முதலில் என் குறையைச் சொல்லிவிடுகிறேன். ‘கிருஷ்ணா நீ பேகனே’ பாட்டுக்கு அவர் கடற்கரையில் ஆடுகிறார். பின்னால் அலை, காற்று சேலையைப் பிடித்து இழுக்கிறது. பார்க்க அழகுதான். ஆனால் பாலாவின் பெருமை அபிநயம். கண்ணும் விரலும் பேசும்போது காற்று குறுக்கே பேசலாமா? பிற்பகுதியில் பதவர்ணத்தை நீளமாக ஆடவிடுகிறார் ராய். படம் நிமிர்ந்து நிற்பது அங்கேதான்.

இன்னொன்றையும் கவனியுங்கள். அந்தப் பாட்டு வியாசராயர் இயற்றிய கன்னடப் பாட்டு; ஆடுபவர் தமிழர்; எடுத்தவர் வங்காளி. மரபு என்பது வேலி போட்ட மனை அல்ல. இந்த ஊரில் நான் ஜைனன் என்றால் “மார்வாடியா?” என்கிறார்கள், தமிழன் என்றால் “அப்ப ஜைனம் எப்படி?” என்கிறார்கள். இரண்டும் நானே என்று சொல்லிச் சொல்லி நரைத்த எனக்கு இந்தப் படம் ஓர் ஆறுதல்.

ஆனால் படம் மட்டும் போதுமா? சீவக சிந்தாமணி ஏடு உ.வே.சா. கையில் இருந்தது. பொருள் விளங்காத இடங்களுக்கு அவர் கும்பகோணத்துச் சமணர்களைத் தேடிப் போனார். அவர்கள் அதை வழிவழியாகப் படித்து வந்தவர்கள். 1887இல் நூல் அச்சேறியது. ஏடு பெட்டியில் இருந்தது, பொருள் வீட்டில் இருந்தது. பாலாவின் கலையும் அப்படித்தான். பாட்டி வீணை தனம்மாள், தாய் ஜெயம்மாள் என்று வீட்டிலேயே ஊறி வந்தது; அவருக்குப் பின் மகள் லட்சுமி அதை ஏந்தினார். ராய் தந்தது நல்ல ஏடு. உரை நம்ம பொறுப்பு.

படம் முடிந்ததும் என் பேத்தி, “தாத்தா, அந்தப் பாட்டி கையால என்ன சொல்றாங்க?” என்று வங்காளத்தில் கேட்டாள். எனக்குப் பாதிதான் சொல்லத் தெரிந்தது. அன்று ராத்திரி தூக்கமில்லை. ஆகவே சங்கத்தாருக்கு ஒரு விண்ணப்பம்: இப்படத்தைத் திரையிடுங்கள், விளக்கைப் போட்ட பிறகு எழுந்து போகாமல், தெரிந்தவர்கள் அரை மணி நேரம் பிள்ளைகளோடு பேசுங்கள். முன்வரிசையில் பேத்தியோடு நானும் இருப்பேன்.