குற்றப்பரம்பரைச் சட்டத்தின் இரண்டாம் பகுதி

குற்றப்பரம்பரைச் சட்டம் (1871) ஆங்கிலேய அரசு கொண்டுவந்த அடக்குமுறைச் சட்டம். இதன் முதல் பகுதி 'குற்றப் பழங்குடிகள்' எனப்பட்ட மக்களையும், இரண்டாம் பகுதி இன்று திருநங்கையர் என அழைக்கப்படுவோரையும் பதிவேட்டில் ஏற்றியது. இரண்டாம் பகுதி வட இந்திய மாகாணங்களில் நடைமுறைப்படுத்தப்பட்டது.

விமர்சனம்

பிள்ளைகளைக் கடத்துவதையும் காயடிப்பதையும் தடுப்பதே நோக்கம் என்றது அரசு. ஆனால் பதிவேட்டில் ஏற்றச் சந்தேகமே போதுமானதாக இருந்தது. பதிவானவர் பெண்ணுடையில் தெருவில் தென்பட்டாலும், பொது இடத்திலோ கூலிக்கு ஒரு வீட்டிலோ ஆடினாலும், இசைத்தாலும் பிடியாணையின்றிக் கைது செய்யலாம் என்றது 26-ஆம் பிரிவு. தண்டனை இரண்டு ஆண்டுகள் வரை சிறை. ஆட்டமே பிழைப்பாக இருந்தவர்களுக்கு இது பட்டினித் தண்டனை. உயில் எழுதவும் தத்தெடுக்கவும் 29-ஆம் பிரிவு தடை விதித்தது. இதனால் குரு-சேலா உறவில் சொத்து கைமாறும் வழியும் அடைபட்டது. கூவாகத்தில் சித்திரை முழுநிலவு இரவில் நடக்கும் ஆடல் பாடல் இச்சட்டத்தின் சொற்களின்படி குற்றமாகும்.

தமிழில் இச்சட்டம் பற்றிய எழுத்துகள் கைரேகைப் பதிவையும், 1920 ஏப்ரல் 3 பெருங்காமநல்லூர் துப்பாக்கிச் சூட்டையும் முதன்மையாகப் பேசுகின்றன. அந்த நினைவு தேவையானது. எனினும் ஒரே சட்டத்தால் ஒடுக்கப்பட்ட மற்றொரு தரப்பை விட்டுவிடுவது வரலாற்றைக் குறையாக்குகிறது.

2011-இல் கர்நாடகக் காவல் சட்டத்தில் சேர்க்கப்பட்ட 36ஏ பிரிவு, சந்தேகத்தின் பேரில் திருநங்கையரைப் பதிவேட்டில் ஏற்ற மீண்டும் இடமளித்தது. 140 ஆண்டுகளுக்குப் பின்னும் அதே சந்தேகம், அதே பதிவேடு. இரண்டாம் பகுதியை இன்றும் படிக்க வேண்டியதன் காரணம் இதுவே.