யெஹுதி மெனுஹின்: மேதைச் சிறுவனுக்குப் பின்

யெஹுதி மெனுஹின் (1916–1999) நியூயார்க்கில் பிறந்து சான் ஃபிரான்சிஸ்கோவில் வளர்ந்த வயலின் கலைஞர். 1929-ல், தன் 12 வயதில், பெர்லினில் புரூனோ வால்டர் நடத்திய இசைக்குழுவுடன் பாக், பீத்தோவன், பிராம்ஸ் மூவரின் கான்செர்ட்டோக்களையும் ஒரே மாலையில் வாசித்தார்.

ஆனால் அந்தத் திறமைக்கு அடித்தளம் இல்லை. பெல்ஜிய வயலின் மேதை இசாயி, கடினமான படைப்பொன்றை அவர் வாசிக்கக் கேட்டபின் ஓர் ஆர்ப்பெஜியோ வாசிக்கச் சொன்னார். சிறுவன் தடுமாறினான். கீர்த்தனை பாடுபவர் சரளிவரிசையில் திணறுவதைப் போன்றது இது. மெனுஹினே தன்வரலாற்றில் இதை எழுதியிருக்கிறார்.

எல்கரின் கான்செர்ட்டோவை எல்கரே நடத்த, மெனுஹின் 1932-ல் செய்த பதிவு இன்றும் வியப்பூட்டுவது. அதில் 16 வயதின் ஐயமின்மை இருக்கிறது. அந்த ஐயமின்மைதான் பின்னர் அவரைக் கைவிட்டது. உலகப்போரின்போது படைவீரர்களுக்காக நூற்றுக்கணக்கான கச்சேரிகள் செய்தார். வில் பிடிக்கும் கை சொன்னபடி கேட்கவில்லை. அறியாமலே செய்துவந்ததை அறிந்து செய்ய, முதலிலிருந்து கற்கவேண்டியிருந்தது.

இதை வீழ்ச்சி என்றே பல விமர்சகர்கள் சொல்கிறார்கள். பிற்காலப் பதிவுகள் சீரற்றவை என்பது உண்மை. (சிலவற்றைக் கேட்கவே சங்கடமாக இருக்கும்.) ஆனால் பார்டோக் அவருக்காக எழுதிய தனி வயலின் சொனாட்டாவை 1944-ல் அரங்கேற்றியவரும் இந்த மெனுஹின்தான். இனிய நாதத்தை மட்டும் நம்பி அதை வாசித்துவிட முடியாது. 1952-ல் இந்தியா வந்தபோது பி.கே.எஸ். ஐயங்காரிடம் யோகம் கற்கத் தொடங்கியதும் அந்த மறுகல்வியின் தொடர்ச்சியே. 1963-ல் இங்கிலாந்தில் இசைத்திறன் கொண்ட குழந்தைகளுக்கென ஒரு பள்ளியைத் தொடங்கினார்.