தூண்களும் பலகைகளும்

பேர்லின் நகரின் யூத வரலாற்றை வழிகாட்டியுடன் நடந்தே அறியும் சுற்றுலாக்கள் பல உள. அவ்வழியிற் காணும் நினைவுச் சின்னங்களைக் கலைநயம் ஒன்றினால் மட்டும் மதிப்பிடுதல் போதாது. கொடுமை எவ்வாறு நிகழ்ந்தது என்பதை அவை உணர்த்துகின்றனவா என்பதே உரைகல்.

2005 இல் திறக்கப்பட்ட, ஐசன்மன் அமைத்த நினைவிடத்தில் எழுத்தேதுமற்ற 2711 கொங்கிறீற்றுத் தூண்கள் நிற்கின்றன. இடையே நடப்போர் திகைப்படைவர். ஆயின் கொன்றவர் யாரென அறிய நிலத்தடித் தகவல் நிலையத்துக்கு இறங்கவேண்டும். தூண்களிற் கிறுக்கல் படியாதிருக்கப் பூச்சு வழங்கியது டெகுசா நிறுவனம். அதன் துணை நிறுவனமொன்றே நாசிகளுக்குச் சிக்லோன் பி நச்சுப்பொருளை விற்றது. 2003 இல் இது சர்ச்சையாகியும் அப்பூச்சே பூசப்பட்டது.

யூதர் பலர் வாழ்ந்த பவேரியக் குடியிருப்பிலோ, ஸ்டீ, ஷ்னொக் என்னும் கலைஞர் இருவர் 1993 இல் விளக்குக் கம்பங்களில் 80 பலகைகளை மாட்டினர். ஒருபுறம் எளிய ஓவியம். மறுபுறம் நாசி அரசின் ஆணை. யூதர் மாலை 4 மணி முதல் 5 மணி வரையே உணவுப்பொருள் வாங்கலாம் என்கிறது 1940 ஆம் ஆண்டு ஆணை. செல்லப்பிராணி வளர்த்தலாகாது என்கிறது 1942 ஆம் ஆண்டு ஆணை. கொலைக்களத்துக்கான பாதை அயலார் கண்முன்னே, கடைவாசலிலும் வீட்டு முற்றத்திலும் தொடங்கிற்று என்பதை இவை ஐயமற நிறுவுகின்றன.

ஆகவே வழிகாட்டி தம் குழுவினரை முதலில் அழைத்துச் செல்லவேண்டிய இடம் இத்தெருக்களே. இவற்றை வாசித்தபின் செல்வோர்க்கே அத்தூண்களின் மௌனம் பொருள்படும்.