ஸுஹைர் கண்ட அடுப்புக் கற்கள்

பிரிந்த இடத்துக்குத் திரும்பி வந்து கலங்குவதைக் கவிதையின் தலைவாசலாகவே அமைத்தவர்கள் பண்டைய அரபுக் கவிஞர்கள். நீரும் மேய்ச்சலும் நாடிக் கூடாரம் பெயர்க்கும் பாலைநில மக்களுக்கு, விட்டுச்சென்ற தங்குமிடமே பழைய ஊர். அதன் சிதைவுகளை 'அத்லால்' என்றனர். இஸ்லாத்துக்கு முந்திய 'முஅல்லகாத்' கவிதைகளுள் இம்ருல் கைஸ், லபீத், ஸுஹைர் ஆகியோருடையவை இவ்வாறே தொடங்குகின்றன. மரபு ஒன்றாயினும் மனம் ஒன்றன்று.

இவற்றுள் ஸுஹைர் இப்னு அபீஸுல்மாவின் கவிதை தனித்து நோக்கத்தக்கது. நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் திருமுன் கவி பாடிய கஅப் (ரலி) அவர்களின் தந்தை இவர். உம்மு அவ்ஃபா வாழ்ந்த இடத்துக்கு 20 ஆண்டுகளுக்குப் பின் வருகிறார். கண்டவுடன் அடையாளம் தெரியவில்லை. ஐயுற்று, முயன்றே தெளிகிறார். புகையால் கறுத்த அடுப்புக் கற்களும், கூடாரத்தைச் சூழ வெட்டிய நீர்க்காலுமே சாட்சிகள். அங்கே இப்போது மான்கள் மறிகளுடன் உலவுகின்றன. தெளிந்ததும் அவர் அவ்விடத்துக்குக் காலை வாழ்த்துக் கூறுகிறார்.

நினைவு தடுமாறக்கூடியது என்பதை அவர் மறைக்கவில்லை. தாம் இல்லாத காலத்திலும் அந்நிலம் உயிர்ப்போடு இருந்ததை மறுக்கவுமில்லை.

கவிதை அங்கேயே தேங்கிவிடவும் இல்லை. ஒட்டகச் சிவிகைகளில் சென்ற பெண்களை நினைந்தபின், அப்ஸ், துப்யான் குலங்களின் நெடும்போரைத் தணிக்கக் குருதியீட்டுச் சுமையைத் தாமே ஏற்ற ஹரிம் இப்னு ஸினான், ஹாரிஸ் இப்னு அவ்ஃப் இருவரையும் போற்றுகிறது. மனிதரை அரைக்கும் திரிகையாகப் போரைக் காட்டுகிறது. இத்தகைய முகப்பு கேட்போர் உள்ளத்தை ஈர்ப்பதற்கே என்றார், கி.பி. 9ஆம் நூற்றாண்டுத் திறனாய்வாளர் இப்னு குதைபா. ஸுஹைரிடம் அது அதனினும் பெரும்பணி ஆற்றுகிறது என்பது நம் கருத்து. ஆளற்ற அடுப்பைக் கண்டு கலங்கிய நெஞ்சமே, எரிகின்ற அடுப்புகள் அணையலாகாது என்று வாதாடுகிறது.

அயல்நாட்டில் பொருளீட்டித் திரும்பி ஊர் நினைவு எழுதும் நம்மவர் பலர், 'ஊர் மாறிவிட்டதே' என்ற பெருமூச்சோடு பேனாவை மூடிவிடுகின்றனர். இடிந்த திண்ணைக்கு இரங்கும் அக்கட்டுரைகளில், அதே தெருவில் இன்று வாழ்வோர் தென்படுவதில்லை. ஏக்கம் குற்றமன்று. அந்த ஏக்கம் இருப்போர் மீது பரிவாகக் கனியும்போதே அது இலக்கியமாகிறது.