மர்மத்தின் நிலம்: இந்திரா சௌந்தர்ராஜனின் தொலைக்காட்சித் தொடர்களை ஜவ்வாது மலையிலிருந்து வாசித்தல்

முன்னுரை

தமிழ்த் தொலைக்காட்சியில் மர்மத் தொடரை நிலைபெறச் செய்தவர்களுள் முதன்மையானவர் இந்திரா சௌந்தர்ராஜன் (1958–2024). 1990களில் நாகாவின் இயக்கத்தில் மின்பிம்பங்கள் நிறுவனம் தயாரித்த ‘மர்மதேசம்’ வரிசை அவருடைய எழுத்தில் உருவானது. அவ்வரிசையின் ‘ரகசியம்’, ‘விடாது கருப்பு’ ஆகிய இரண்டிலும் நிலமும் மக்களும் பெறும் இடத்தை இக்கட்டுரை மதிப்பிடுகிறது.

இரு தொடர்கள்

‘விட்டுவிடு கருப்பா’ நாவலை அடியொற்றிய ‘விடாது கருப்பு’ தொடரில், ஊரில் நிகழும் மரணங்களை ஊரார் கருப்பசாமியின் தண்டனையாகக் கொள்கின்றனர். முடிவில் உளவியல் விளக்கம் தரப்பட்டாலும் தெய்வத்திற்கான இடம் முற்றிலும் மூடப்படுவதில்லை. இங்குக் கருப்பு அச்சப்பொருள் மட்டுமன்று. ஊரின் நீதியுணர்வும் ஆகும். குடும்பப் பகை, குற்றம், நினைவு ஆகியவற்றால் நிலம் மனிதர்களோடு பிணைந்துள்ளது. ‘ரகசியம்’ தொடரிலோ இரவில் தங்கக்கூடாத கோயில், நவபாஷாண லிங்கம், சித்தர் மரபு ஆகியவை கதையை நடத்துகின்றன. நிலம் புதையற்களமாகிறது, அங்கு வாழ்வோர் தடைக்கு அஞ்சுவோராகப் பின்னுக்குச் செல்கின்றனர்.

ஜவ்வாது மலை என்னும் அளவுகோல்

சித்தர், மூலிகை என்னும் சொற்களாலேயே வெகுசன எழுத்து மலைகளை அறிமுகப்படுத்துவது வழக்கம். ஜவ்வாது மலையின் மலையாளிப் பழங்குடியினரோ காஞ்சியிலிருந்து குடிபெயர்ந்ததாகத் தம் வரலாற்றை வாய்மொழியாகப் பேணுகின்றனர். அம்மலையின் காவலூரில் 1986 முதல் 2.34 மீட்டர் தொலைநோக்கி இயங்குகிறது. குலதெய்வ வழிபாடும் வானியலும் ஒரே மலையில் அருகருகே நிகழ்கின்றன. அங்கு வாழ்வோர்க்கு இது மர்மமன்று. மர்மம் வெளியிலிருந்து வருபவரின் பார்வையிலேயே பிறக்கிறது. 2015 ஏப்ரல் 7 அன்று சேஷாசலம் காட்டில் ஆந்திரக் காவல்துறையால் சுட்டுக்கொல்லப்பட்ட இருபது தமிழ்த் தொழிலாளர்களுள் ஜவ்வாது மலைப் பகுதியினரும் இருந்தனர். அவர்களைக் காட்டிற்கு இட்டுச்சென்ற வறுமைக்கு அமானுட விளக்கம் தேவையில்லை. மலையை மர்மமாக மட்டுமே காணும் புனைவில் இத்தகைய மனிதர்களுக்கு இடம் கிடைப்பதில்லை.

முடிவுரை

நம்பிக்கையையும் அறிவையும் சம சாட்சிகளாக நிறுத்தியது இந்திரா சௌந்தர்ராஜனின் சாதனை. அச்சாட்சியம் ‘விடாது கருப்பு’ தொடரில் வலுப்பெறுவதற்கு, அதில் தெய்வத்திற்கு ஊர் இருப்பதே காரணம். ‘ரகசியம்’ தொடரில் அது மெலிவதற்கு, நிலத்திற்குரியோர் விலகி நிற்பதே காரணம். மர்மத் தொடர்களை மதிப்பிடும் ஆய்வு, புதிர் எவ்வாறு அவிழ்கிறது என்பதோடு அமையாமல், அது யாருடைய நிலத்தில் கட்டப்பட்டது என்பதையும் வினவ வேண்டும்.